சிரிக்காமல் சிரிக்க வைத்தவர்

கம்பத்திலிருந்து சுருளி அருவிக்குப் போகும் வழியில், மேகமலைத் தொடரின் அடிவாரத்தில் இருக்கிறது சுருளிப்பட்டி. வயலும் திராட்சைத் தோட்டமும் சூழ்ந்த ஊர். இதைப் போன்ற ஊர்களில் வாழ்ந்த ஜனங்களுக்கு ஒரு காலத்தில் சினிமா என்றால் டூரிங் கொட்டகைதான். பட்டணத்தில் ஓடி முடிந்த படம் பல மாதங்கள் கழித்து, கீறல் விழுந்த பிரதியாக வந்து சேரும். பொழுது சாய்ந்ததும் ஒலிபெருக்கியில் பாட்டு எழும். தோட்ட வேலை முடிந்து வந்தவர்கள் கைகால் கழுவிக்கொண்டு, பிள்ளைகளையும் இழுத்துக்கொண்டு கிளம்புவார்கள். மணலைக் கூட்டி மேடாக்கி, அதன்மேல் உட்கார்ந்து படம் பார்ப்பார்கள்.

அந்தக் கொட்டகைகளில் கதாநாயகனுக்குக் கிடைத்தது விசில். வில்லனுக்குக் கிடைத்தது சாபம். திரையில் அவன் முகம் தெரிந்த உடனேயே, இந்தப் பாவி என்ன செய்யப் போகிறானோ என்று பெண்கள் முணுமுணுக்கத் தொடங்கிவிடுவார்கள். அப்படிப் பல ஆண்டுகள் சாபத்தையே சம்பாத்தியமாகப் பெற்றவர்களில் ஒருவர் டி.எஸ். பாலையா.

1964-ஆம் ஆண்டில் ஒரு படம் வந்தது. அதே ஜனங்கள், அதே முகத்தைப் பார்த்து, விலா நோகச் சிரித்தார்கள். அந்தப் படம் 'காதலிக்க நேரமில்லை'. இரண்டே ஆண்டுகளில் அந்தக் கதை 'ப்யார் கியே ஜா' என்ற பெயரில் இந்திக்குப் போய், வடநாட்டையும் சிரிக்க வைத்தது.

பாலையாவின் முகம் மாறவில்லை. உருட்டும் விழி மாறவில்லை. அடித்தொண்டையிலிருந்து எழும் குரலும் மாறவில்லை. பிறகு, சபித்தவர்கள் எப்படிச் சிரித்தார்கள்? அவருடைய வாழ்க்கையை ஆரம்பத்திலிருந்து பார்த்தால் விஷயம் விளங்கும்.

கம்பெனிப் பள்ளிக்கூடம்

1914-ஆம் ஆண்டு ஆகஸ்டு 23-ந் தேதி பாலையா பிறந்தார். பிறந்த ஊர் அன்றைய திருநெல்வேலி ஜில்லாவில் இருந்த சுண்டங்கோட்டை. பெயருக்கு முன்னால் இருந்த இரண்டு எழுத்துக்களில் முதலாவது திருநெல்வேலி, இரண்டாவது சுப்பிரமணியம்.

அவர் வளர்ந்த காலம் நாடகக் கம்பெனிகளின் காலம். 1918-ல் சங்கரதாஸ் சுவாமிகள் மதுரையில் பால சபை தொடங்கியதிலிருந்து, சிறுவர்களைக் கொண்டே நடத்தப்பட்ட நாடகக் கம்பெனிகள் தென்னாடெங்கும் பெருகின. இவற்றைப் பாய்ஸ் கம்பெனிகள் என்று சொல்வார்கள். சாப்பாடும் தங்க இடமும் கொடுத்து, பாட்டும் வசனமும் சொல்லிக் கொடுப்பார்கள். ராஜாவும் ராணியும் தோழியும் விதூஷகனும் எல்லாம் பையன்களே. மகரக்கட்டு உடைந்து குரல் மாறினால், நேற்றுவரை ராஜபார்ட் போட்ட பையனுக்கு இன்று வேஷம் இல்லாமலும் போகும்.

அங்கே ஒலிபெருக்கி கிடையாது. கடைசி வரிசையில் உட்கார்ந்திருப்பவனுக்கும் வார்த்தை போய்ச் சேர வேண்டும். எதிரே நிற்பவன் பேசும்போது சும்மா நிற்கவும் கூடாது. அவன் சொல்வதைக் கேட்டு முகம் அசைய வேண்டும். அசைந்தாலும் அவனுடைய பேச்சைக் கெடுக்கக் கூடாது. பேசக் கற்றுக் கொள்வதைவிடக் கேட்கக் கற்றுக் கொள்வதுதான் கடினம்.

அந்த நாடக உலகத்துக்கு இன்னொரு திருப்பத்தைக் கொடுத்தவர் எம்.கே. ராதாவின் தந்தையான எம். கந்தசாமி முதலியார். ஜே.ஆர். ரங்கராஜுவின் நாவல்களை அவர் மேடை நாடகங்களாக்கினார். புராண ராஜாக்கள் நடமாடிய மேடையில் கோட்டுப் போட்ட வக்கீலும் போலீஸ்காரரும் பட்டணத்து மோசக்காரனும் வந்தார்கள். அசுரனைப் போல உறுமாமல், புன்சிரிப்போடு கழுத்தை அறுக்கும் புதிய வில்லன் தேவைப்பட்டான். இந்தக் காற்று வீசிய மேடையிலே பழகித்தான் பாலையா நடிகரானார்.

கெட்ட நண்பன்

1936-ல் 'சதி லீலாவதி' வெளிவந்தது. எஸ்.எஸ். வாசன் எழுதிய கதை. டைரக்ட் செய்தவர் எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர். அவருக்குத் தமிழ் தெரியாது. எம்.கே. ராதா, எம்.ஜி. ராமச்சந்திரன், என்.எஸ். கிருஷ்ணன், டி.எஸ். பாலையா ஆகிய நால்வரும் இந்த ஒரே படத்தில் அறிமுகமானார்கள். எம்.ஜி.ஆருக்குப் போலீஸ் இன்ஸ்பெக்டராகச் சிறு வேஷம். பாலையாவுக்கோ கதையையே இழுத்துச் செல்லும் வில்லன் வேஷம்.

அந்த வில்லனின் பெயர் ராமநாதன். அவன் கத்தி எடுத்து வருபவன் அல்ல. தோளில் கை போட்டுக்கொண்டு வருகிற நண்பன். நல்ல குடும்பத்துப் பிள்ளையைக் குடிக்குப் பழக்குகிறான். பரஸ்திரீ மோகத்தில் தள்ளுகிறான். ஏமாந்த கதாநாயகன், கொலை செய்துவிட்டதாக எண்ணி இலங்கைக்கு ஓடித் தேயிலைத் தோட்டத்தில் கூலி வேலை செய்யும்படி ஆகிறது.

அப்போது பாலையாவுக்கு வயது இருபத்திரண்டை எட்டவில்லை. முதல் படத்திலேயே அவர் செய்தது நட்பை வைத்து ஏமாற்றுகிற வேலை. இந்த விஷயத்தை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். இருபத்தெட்டு ஆண்டுகள் கழித்து இதற்குப் பதில் வரப் போகிறது.

அடுத்த ஆண்டே, 1937-ல், அதே டங்கன் டைரக்ட் செய்த 'அம்பிகாபதி'. எம்.கே. தியாகராஜ பாகவதர் கதாநாயகன். அவருடைய காதலுக்குக் குறுக்கே வரும் தளபதி ருத்ரசேனனாகப் பாலையா. பாகவதரின் பாட்டில் நாடே மயங்கிக் கிடந்த காலம். அந்தப் பாகவதருக்கு எதிரியாக நிற்பவனை ஜனங்கள் எப்படிப் பார்த்திருப்பார்கள் என்று சொல்ல வேண்டியதில்லை. வில்லன் என்றால் பாலையா என்ற பெயர் நிலைத்துவிட்டது.

அதன் பிறகு சரித்திரப் படமானாலும், மாயாஜாலப் படமானாலும், குடும்பப் படமானாலும், சதி செய்ய ஒருவன் வேண்டும் என்றால் படாதிபதிகளின் ஞாபகத்துக்கு அவர் வந்தார். 1956-ல் எம்.ஜி.ஆர். நடித்த 'மதுரை வீரன்' படத்தில் வீரனுக்குக் குழி பறிக்கும் நரசப்பனும் அவரே.

நல்ல நண்பனும் ஓர் ஆள்மாறாட்டமும்

அவரை வெறும் வில்லன் என்று ஒதுக்கிவிட முடியாது என்பதைக் காட்டிய படம் ஒன்று 1949-ல் வந்தது. அண்ணாதுரை எழுதிய 'வேலைக்காரி'. ஜூபிடர் பிக்சர்ஸ் தயாரிப்பு; ஏ.எஸ்.ஏ. சாமி டைரக்‌ஷன். கே.ஆர். ராமசாமி கதாநாயகன் ஆனந்தன். அவனுடைய உயிர் நண்பன் மணியாகப் பாலையா.

ஜமீன்தாரின் கடன் கொடுமையால் தந்தையை இழந்த ஆனந்தன் அரிவாளைத் தூக்குகிறான். மணி அவனைத் தடுத்து நிறுத்துகிறான். வேறு வழி காட்டுகிறான். ஆனந்தனைப் போலவே முகச்சாயல் கொண்ட ஒரு பணக்கார வாலிபன் இறந்துவிட்டிருக்கிறான். அவனுடைய இடத்தில் ஆனந்தனை நுழைத்து, ஏழையைப் பணக்காரனாக ஆள்மாறாட்டம் செய்ய வைத்து, ஜமீன்தாரைப் பழிவாங்க உதவுகிறான். கதையின் மூளையே மணிதான். உணர்ச்சி முழுவதும் ராமசாமியுடையது. அதற்குக் கடிவாளம் போடுகிற நிதானம் பாலையாவுடையது.

நண்பனைக் கெடுத்த ராமநாதன், நண்பனைக் காப்பாற்றுகிற மணியாக மாறினான். ஆனால் இரண்டு பேரும் ஒரே தொழில்காரர்கள்தான். திட்டம் போடுகிறவர்கள். எதிரே இருப்பவனின் மனசைப் படித்து, அதற்குத் தக்கபடி பேசுகிறவர்கள்.

1954-ல் 'தூக்குத் தூக்கி' வந்தது. சிவாஜி கணேசனும் லலிதா, பத்மினி, ராகினி சகோதரிகளும் நடித்த படம். அதில் பாலையா வடநாட்டு சேட்ஜி. கதாநாயகனின் மனைவியோடு கள்ள உறவு கொண்டவன் அவன், கதைப்படி கெட்டவன்தான். ஆனால் அவன் பேசுகிற தமிழ் இருக்கிறதே, அது இந்தி உச்சரிப்பில் முறிந்து, பன்மையும் ஒருமையும் குழம்பி, தனி ரகமாக வெளிவந்தது. திட்ட வேண்டிய இடத்தில் கொட்டகை சிரித்தது. வில்லனுக்குள்ளே ஒரு ஹாஸ்யக்காரன் ஒளிந்திருக்கிறான் என்பதை ரசிகர்கள் கண்டுகொண்டார்கள்.

1959-ல் பீம்சிங்கின் 'பாகப்பிரிவினை'யில் இன்னொரு பக்கம் தெரிந்தது. மனைவியின் பேச்சைத் தட்டத் தெரியாமல், தம்பியின் குடும்பத்தைப் பிரிந்து நிற்கும் அண்ணன் வேஷம். கெட்ட எண்ணம் அவனுக்கு இல்லை, பலவீனம்தான். பயமுறுத்திக்கொண்டிருந்த அந்த முகத்தில் பரிதாபம் குடியேறியது.

கடற்கரையில் ஒரு யோசனை

இந்தச் சமயத்தில் தமிழ்ப் படவுலகில் ஸ்ரீதரின் பெயர் உச்சத்தில் இருந்தது. 1959-ல் 'கல்யாண பரிசு', 1962-ல் 'நெஞ்சில் ஓர் ஆலயம்' என்று ஜனங்களைக் கண்ணீர் விட வைத்தவர் அவர். 'நெஞ்சில் ஓர் ஆலயம்' படத்தை 'தில் ஏக் மந்திர்' என்று 1963-ல் இந்தியிலும் அவரே எடுத்திருந்தார்.

அவருக்குச் செங்கற்பட்டுப் பள்ளி நாட்களிலிருந்தே ஒரு நண்பர், பெயர் கோபு. ஸ்ரீதரின் சித்ராலயா நிறுவனத்தின் பெயரைச் சேர்த்துச் சித்ராலயா கோபு என்று பிற்காலத்தில் பிரசித்தி பெற்றவர். சென்னை மெரீனா கடற்கரையில் இருவரும் உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்தபோது, ஆரம்பம் முதல் முடிவு வரை சிரிப்பாகவே ஒரு படம் எடுத்தால் என்ன என்ற யோசனை கோபுவிடமிருந்து பிறந்தது. சோகப் படத்தில் நடுநடுவே ஹாஸ்யம் வைப்பதுதான் அன்றைய வழக்கம். கதாநாயகன், கதாநாயகி, தகப்பன், மாமன் எல்லாரும் சிரிப்புக்காகவே நிற்கும் படத்தை நம்பிப் பணம் போடுவது துணிச்சலான காரியம். ஸ்ரீதர் துணிந்தார். இரு நண்பர்களும் சேர்ந்து கதையை உருவாக்கினார்கள்.

1964-ஆம் ஆண்டு பிப்ரவரி 27-ந் தேதி 'காதலிக்க நேரமில்லை' வெளிவந்தது. சமூகப் படங்கள் பெரும்பாலும் கறுப்பு வெள்ளையில் வந்துகொண்டிருந்த காலத்தில், இது ஈஸ்ட்மென் கலரில் வந்தது. ஒளிப்பதிவு ஏ. வின்சென்ட். சங்கீதம் விஸ்வநாதன்-ராமமூர்த்தி. ஆழியாறு அணைப் பக்கத்தின் பசுமை கண்ணைப் பறித்தது. ரவிச்சந்திரன் புதுமுகம். முத்துராமன், காஞ்சனா, ராஜஸ்ரீ, நாகேஷ், சச்சு என்று எல்லாரும் இளவட்டங்கள். அவர்களுக்கு நடுவே, ஐம்பதை நெருங்கிக்கொண்டிருந்த பாலையா.

ஏமாற்றியவர் ஏமாந்தார்

கதை சிக்கலானது, ஆனால் சொன்னால் உடனே புரியும்.

விஸ்வநாதன் பெரிய எஸ்டேட் முதலாளி. பணத்தைத் தவிர வேறு தெய்வம் அவருக்கு இல்லை. இரண்டு பெண்கள், ஒரு பிள்ளை. பெண்களைப் பெரும் பணக்காரர்களுக்குக் கட்டிக்கொடுக்க வேண்டும் என்பது அவருடைய கனவு. பிள்ளை செல்லப்பாவோ தகப்பன் பணத்தில் சினிமா எடுக்கத் துடிப்பவன். ஓஹோ புரொடக்‌ஷன்ஸ் என்று கம்பெனிக்குப் பெயரும் வைத்துவிட்டான்.

எஸ்டேட்டில் வேலை பார்த்து நீக்கப்பட்ட அசோக் என்ற வாலிபன் இளைய பெண்ணைக் காதலிக்கிறான். அவனிடம் காசு இல்லை. ஆகையால், தான் ஒரு கோடீசுவரனின் ஒரே பிள்ளை என்று புளுகிவிடுகிறான். புளுகை மெய்யாக்க ஒரு தகப்பன் வேண்டுமே! தன் நண்பன் வாசுவைக் கூப்பிட்டு, நரைத்த தலையும் இருமலுமாகக் கிழவேஷம் போட வைத்து, அப்பாவாகக் கொண்டுவந்து நிறுத்துகிறான். வந்து சேர்ந்த பிறகுதான் வாசுவுக்குத் தெரிகிறது, தன் காதலி காஞ்சனா அந்த வீட்டு மூத்த பெண் என்று. வாலிபனாகக் காதலிக்க வேண்டிய வீட்டில் கிழவனாக உட்கார்ந்திருக்க வேண்டிய கதி. நட்புக்காகப் போட்ட வேஷம் காதலுக்கு எமனாக நிற்கிறது. கடைசியில் குட்டு உடைந்து, சிக்கல்கள் அவிழ்ந்து, எல்லாரும் ஒன்று சேர்கிறார்கள்.

இப்போது பழைய கணக்கைப் பார்க்கலாம். 1936-ல் நண்பன் என்று சொல்லிக்கொண்டு ஏமாற்றியவர் பாலையா. 1949-ல் நண்பனைப் பணக்காரனாக ஆள்மாறாட்டம் செய்ய வைத்தவரும் பாலையா. 1964-ல் அதே ஆள்மாறாட்டம், அதே நட்பு, அவருடைய வீட்டு வாசலுக்கே வந்து அவரை ஏமாற்றியது. இருபத்தெட்டு ஆண்டுகள் பிறரைக் கவிழ்த்தவர், இரண்டு பையன்களின் புளுகில் தலைகுப்புற விழுந்தார்.

விஸ்வநாதனின் பேராசையும் ஒரு வில்லனுடைய பேராசைதான். பணம் என்றதும் விரியும் கண்கள், முன்னே சாய்கிற உடம்பு, குழைகிற குரல் எல்லாம் பழைய சரக்கு. அதில் ஒரு துளியைக்கூடப் பாலையா குறைக்கவில்லை. தன்னைவிடப் பெரிய பணக்காரர் என்று நம்பிய கிழவர் முன்னால் அவர் கூனிக் குறுகுவதைப் பார்க்க வேண்டும். வேலையை விட்டு விரட்டிய பையனின் பெயரோடு மரியாதை விகுதி ஒட்டிக்கொள்கிறது. மகன் என்ற சாதாரண வார்த்தைகூட அவர் வாயில் மரியாதைப் பன்மையாகிவிடுகிறது. கொட்டகை குலுங்கிச் சிரிக்கும்போது, அவர் முகத்தில் மட்டும் சிரிப்பின் சாயலே இல்லை. அவருக்கு அது வாழ்வா சாவா என்கிற விஷயம்.

ஹாஸ்யத்தின் சூட்சுமம் அங்கேதான் இருக்கிறது. சிக்கிக்கொண்டவன் தானும் சிரித்துவிட்டால் பார்ப்பவனுக்குச் சிரிப்பு வராது. வில்லன் வேஷத்தில் எந்த அளவு நிஜமாக இருந்தாரோ, அதே அளவு இங்கேயும் நிஜமாக இருந்தார் பாலையா. அன்று அந்த நிஜம் பயமுறுத்தியது. இன்று அதே நிஜம் சிரிப்பு மூட்டியது.

கதை கேட்ட தகப்பன்

அந்தப் படத்தை ஒருமுறை பார்த்தவர்களும் மறக்காத காட்சி ஒன்று உண்டு. செல்லப்பாவாக வரும் நாகேஷ், தான் எடுக்கப்போகும் படத்தின் திகில் கதையைத் தகப்பனுக்குச் சொல்லுகிற காட்சி.

நாகேஷ் கதையை மட்டும் சொல்லவில்லை. இருட்டும், காற்றும், கதவும், காலடியும் எல்லாம் அவரே ஆகிறார். வாயாலேயே எல்லா ஓசைகளையும் எழுப்புகிறார். தமிழ்ச் சினிமாவின் தலைசிறந்த ஹாஸ்யக் காட்சிகளில் ஒன்று என்று அதற்குப் பெயர். நாகேஷின் மேதையைப் பற்றி எவ்வளவு சொன்னாலும் தகும்.

ஆனால் அந்தக் காட்சியில் இன்னொருவர் இருக்கிறார். அவருக்கு வசனம் அதிகம் இல்லை. அவர் வேலை கேட்பதுதான். முதலில் பிள்ளையின் பைத்தியக்காரத்தனத்தைப் பொறுத்துக்கொள்ளும் அலட்சியம். பிறகு லேசான ஆவல். அப்புறம் கண்கள் அகலுகின்றன. உடம்பு பின்வாங்குகிறது. மூச்சு நிற்கிறது. ஒவ்வொரு ஓசைக்கும் தூக்கிவாரிப் போடுகிறது. எஸ்டேட்டையே ஆட்டிவைக்கும் முதலாளி, பாட்டியிடம் பேய்க்கதை கேட்கும் சிறுவனைப்போல் நடுங்குகிறார்.

காட்சி முழுவதும் அங்கே பேய் இல்லை, இருட்டும் இல்லை. பாலையாவின் முகத்தில் தெரிந்த பயத்தை வைத்துத்தான் நாம் பேயைப் பார்த்தோம். அவர் சற்றே அசட்டையாக உட்கார்ந்திருந்தால், எதிரே நிற்பவர் வீணாகக் கைகாலை ஆட்டும் கோமாளியாகத் தெரிந்திருப்பார். இளம் நடிகர் ஒருவர் வெளுத்து வாங்கிக்கொண்டிருக்கும்போது, குறுக்கே புகுந்து கைதட்டலைத் தட்டிப் பறிக்கும் மூத்த நடிகர்கள் உண்டு. பாலையா அதைச் செய்யவில்லை. நாடகக் கம்பெனியில் படித்த பாடத்தின்படி, கேட்க வேண்டியவனாகக் கேட்டார். நாகேஷ் வென்றார். பாலையாவும் தோற்கவில்லை.

வடக்கே போன தகப்பன்

நட்பும் காதலும் குழம்பித் தத்தளிக்கும் இந்தக் கதைக்கு மொழி எல்லை இருக்கவில்லை. 1965-ல் 'பிரேமிஞ்சி சூடு' என்று தெலுங்குக்குப் போயிற்று. 1966-ல் ஸ்ரீதரே டைரக்ட் செய்ய, 'ப்யார் கியே ஜா' ஆயிற்று. பிற்காலத்தில், 1979-ல் கன்னடத்திலும், 1985-ல் மராத்தியிலும் மறுபிறவி எடுத்தது.

இந்திப் படத்தில் ரவிச்சந்திரனின் வேஷம் சசி கபூருக்கு. முத்துராமனின் கிழவேஷம் கிஷோர் குமாருக்கு. சச்சுவின் இடத்தில் மும்தாஜ். ராஜஸ்ரீ தமிழில் செய்த வேஷத்தை இந்தியிலும் தாமே செய்தார். சங்கீதம் லக்ஷ்மிகாந்த்-பியாரேலால். நாகேஷின் இடத்துக்கு இந்திப் படவுலகின் ஹாஸ்ய மன்னர் மெஹ்மூத் வந்தார். ஓஹோ புரொடக்‌ஷன்ஸ் அங்கே வாஹ் வாஹ் புரொடக்‌ஷன்ஸ் ஆயிற்று.

கதை சொல்லும் காட்சி அங்கேயும் பேர் வாங்கியது. இந்த வேஷத்துக்காக மெஹ்மூதுக்குச் சிறந்த ஹாஸ்ய நடிகருக்கான பிலிம்பேர் பரிசும் கிடைத்தது.

பாலையாவின் வேஷத்துக்குப் பிடித்துவரப்பட்டவர் ஓம் பிரகாஷ். அவரும் சாமானியர் அல்ல. அடுத்த ஆண்டே 'தஸ் லாக்' படத்துக்காக அதே பரிசை வாங்கிய பெரிய ஹாஸ்ய நடிகர். கதை கேட்டு நடுங்குவதற்கு அப்படிப்பட்ட ஒருவர் தேவைப்பட்டார் என்பதிலிருந்தே, அந்த வேஷத்தின் கனம் புரியும். ஆயினும் ஒரு வித்தியாசம் உண்டு. தமிழ் ஜனங்கள் பாலையாவைக் கண்டு பல ஆண்டுகள் பயந்திருந்தார்கள். தங்களைப் பயமுறுத்தியவர் பயப்படுவதைப் பார்க்கும் சந்தோஷம் தமிழ்க் கொட்டகைக்கே கிடைத்த தனிச் சொத்து. மொழிபெயர்ப்பில் அது வர வழியில்லை.

தலைகுனிந்த பாகவதர்

'காதலிக்க நேரமில்லை' பாலையாவுக்குப் புதிய வாசலைத் திறந்துவிட்டது. கடைசி எட்டு ஆண்டுகளில் அவர் செய்த சில வேஷங்கள், முன்பு செய்த அத்தனை வில்லன்களையும்விட ஜனங்கள் மனத்தில் ஆழமாகப் பதிந்தன.

1965-ல் ஏ.பி. நாகராஜனின் 'திருவிளையாடல்'. வடக்கேயிருந்து பாண்டிய நாட்டுக்கு வந்து, தன்னை வெல்ல எவன் உண்டு என்று சவால் விடும் ஹேமநாத பாகவதர் வேஷம். பாலமுரளிகிருஷ்ணாவின் கந்தர்வக் குரலுக்கு வாயசைத்து, தலைக்கனத்தை நெற்றியிலும் புருவத்திலும் வைத்து, தர்பாரையே மிரட்டினார் பாலையா. பிறகு, விறகு சுமக்கும் ஒருவன் இரவில் பாடுவதைக் கேட்கிறார். அவன் இந்த ஊர்ப் பாணரிடம் மாணவனாகச் சேரக்கூடத் தகுதி பெறாதவன் என்று அறிகிறார். இங்கேயும் அவர் வேலை கேட்பதுதான். இறுமாப்பு இறங்கி, வியப்பு ஏறி, அவமானம் படர்ந்து, கடைசியில் இரவோடு இரவாக ஊரைவிட்டே ஓடுகிற மனநிலை வரை, எல்லாம் அந்த ஒரு முகத்தில் வரிசையாக வந்து போகின்றன.

1967-ல் கே. பாலசந்தரின் 'பாமா விஜயம்'. மூன்று மகன்களையும் மூன்று மருமகள்களையும் வைத்துக்கொண்டு, அவர்களுடைய போலிப் பகட்டில் குடும்பம் கவிழாமல் காக்கும் தகப்பனார் வேஷம். பிள்ளைகளில் இருவர் முத்துராமனும் நாகேஷும். மருமகள்களில் ஒருவர் காஞ்சனா. எல்லாரையும் ஆட்டிவைக்கும் சினிமா நட்சத்திரம் ராஜஸ்ரீ. மூன்று ஆண்டுகளுக்கு முன் பாலையாவை ஏமாற்றிய கூட்டமே மறுபடி கூடிவிட்டது! ஆனால் இந்தத் தடவை ஏமாந்தது பிள்ளைகள். புத்தி புகட்டியது தகப்பன். இந்தப் படமும் 1968-ல் 'தீன் பஹூரானியா' என்று இந்திக்குப் போயிற்று. பாலையாவின் வேஷத்தை ஏற்றவர் பிருதிவிராஜ் கபூர். பாலையா உயிர் கொடுத்த இரு தகப்பன்மார், வடக்கே ஓம் பிரகாஷாகவும் பிருதிவிராஜ் கபூராகவும் நடமாடினார்கள்.

அதே 1967-ல் ஸ்ரீதரின் 'ஊட்டி வரை உறவு'. மீண்டும் ஓர் ஆள்மாறாட்டக் கதை. மீண்டும் மாட்டிக்கொண்டு விழிக்கும் தகப்பன் பாலையாவே.

1968-ல் 'தில்லானா மோகனாம்பாள்'. சிவாஜியின் நாதஸ்வரத்துக்குத் துணை நிற்கும் தவில் வித்துவான் முத்துராக்கு. அவன் குடிப்பான், கோபப்படுவான், வம்புக்கும் போவான். ஆனால் நாதஸ்வரக்காரன் மேல் உயிரையே வைத்திருப்பவன். 1936-ல் நண்பனுக்குக் குடியைப் பழக்கிக் கெடுத்த ராமநாதன் எங்கே, தான் குடித்தாலும் நண்பனுக்கு ஒரு தீங்கு வரப் பொறுக்காத முத்துராக்கு எங்கே! முப்பத்திரண்டு ஆண்டுகளில் ஒரு நடிகர் நடந்த தூரம் அது.

மிஞ்சிய சிரிப்பு

1972-ஆம் ஆண்டு ஜூலை 22-ந் தேதி பாலையா காலமானார். ஐம்பத்தெட்டு வயது நிறைய ஒரு மாதம் இருந்தது. கதாநாயகனாக இல்லாமலே கதையைத் தாங்கிய நடிகர்களின் வரிசையில் அவருக்கு முன்னணி இடம் உண்டு. சுவரொட்டியில் பெரிய எழுத்தில் வந்த பெயர்கள் வேறு. பெட்டி வசூலுக்குக் காரணம் என்று பேசப்பட்ட பெயர்களும் வேறு. ஆனால் அந்தப் படங்களை இன்று போட்டுப் பார்க்கிறவர்கள், அவர் வரும் இடம் எப்போது வரும் என்று காத்திருக்கிறார்கள்.

அவருடைய மகன் ஜூனியர் பாலையா என்ற பெயரிலேயே திரைக்கு வந்தார். கம்பம் பள்ளத்தாக்கை அடுத்த பண்ணைப்புரத்தைச் சேர்ந்த கங்கை அமரன் 1989-ல் டைரக்ட் செய்த 'கரகாட்டக்காரன்' படத்தில், கரகக் குழுவோடு ஊர் ஊராகப் போகும் ஒருவராக அவரும் வந்தார். தகப்பன் தவில் அடித்த கதையின் வாசனை, மகன் நடித்த கதையிலும் வீசியது. ஜூனியர் பாலையா 2023-ல் மறைந்தார்.

டூரிங் கொட்டகைகள் போய்விட்டன. மணல்மேட்டில் உட்கார்ந்து படம் பார்த்தவர்களின் பேரப்பிள்ளைகள், சுருளிப்பட்டித் திண்ணையில் உட்கார்ந்தபடியே கைபேசியில் அதே கதை சொல்லும் காட்சியைப் பார்க்க முடிகிறது. நாகேஷ் கதவைத் திறக்கிறார், பாலையா நடுங்குகிறார், பிள்ளைகள் சிரிக்கிறார்கள். திண்ணையோரம் இருக்கும் கிழவிகளுக்கு மட்டும் இன்னொன்றும் ஞாபகம் வரலாம். இந்த மனுஷனைத்தானே ஒரு காலத்தில் வாய் நிறையத் திட்டினோம் என்று அவர்களும் சேர்ந்து சிரிக்கலாம்.

சாபம் கொடுத்தவர்கள் வாயாலேயே சிரிப்பையும் வாங்கிவிட்டுப் போனார் பாலையா. அதற்கு அவர் ஒருமுறைகூடத் தாமாகச் சிரித்துக் காட்ட வேண்டியிருக்கவில்லை.